எதற்கு முட்டி போடுகிறார்கள்?

பாளையங்கோட்டை அண்ணா ஸ்டேடியத்துக்குக் காலையில் ஓட வருகிற பிள்ளைகளில் ஒருவன், பத்தாம் வகுப்பு, இருநூறு மீட்டர் ஓடுகிறவன், போன வாரம் போனைத் தூக்கிக்கொண்டு வந்து என் முகத்துக்கு நேரே நீட்டினான். பழைய கிரிக்கெட் வீடியோ. 2021 அக்டோபர் 24, துபாய், இருபது ஓவர் உலகக் கோப்பையில் இந்தியாவுக்கும் பாகிஸ்தானுக்கும் நடந்த மேட்ச். முதல் பந்து போடுவதற்கு முன்னால் நம் ஆட்கள் ஆளுக்கு ஒரு காலை மடக்கி முட்டி போட்டு நிற்கிறார்கள்.

"ஏன்ணே, எதுக்கு முட்டி போடுதாங்க? என்ன தப்பு பண்ணுனாங்க?"

அவன் கேட்டதில் நியாயம் இருக்கிறது. நம் ஊர்ப் பள்ளிக்கூடங்களில் முட்டி போடுவது என்றால் வீட்டுப்பாடம் எழுதாததற்கும் லேட்டாக வந்ததற்கும் வராந்தாவில் வெயிலில் கிடைக்கிற தண்டனை. உலகக் கோப்பையில், டிவி கேமரா முன்னால், கோடிக்கணக்கான பேர் பார்க்கும்போது பெரிய பெரிய ஆட்கள் ஏன் தாங்களாகவே அதைச் செய்ய வேண்டும்? "ஓடி முடிச்சிட்டு வா, சொல்லுதேன்" என்றேன். அன்றைக்குச் சொல்ல ஆரம்பித்தது மூன்று நாள் காலை ஓடியது, பக்கத்தில் நீட்டி மடக்கிக்கொண்டிருந்த பிள்ளைகளும் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். அவர்களுக்குச் சொன்னதைத்தான் கொஞ்சம் கூட்டிக் குறைத்து இங்கே எழுதுகிறேன், இந்த விஷயத்தைப் புதிதாகக் கேட்கிற யாருக்கும் புரிய வேண்டும் என்பதற்காக.

முதலில் விஷயம் என்ன என்று சொல்லிவிடுகிறேன். ஒரு விளையாட்டு வீரரோ வீராங்கனையோ, ஊரே தன்னைப் பார்த்துக்கொண்டிருக்கிற அந்தச் சில நிமிஷங்களில், தோலின் நிறத்தையோ பிறப்பையோ வைத்துத் தன் மக்களுக்கு நடக்கிற அநியாயத்தைச் சுட்டிக்காட்ட, பெரும்பாலும் வாய் திறக்காமல், உடம்பால் ஏதோ ஒன்றைச் செய்வது. கையை உயர்த்தலாம், முட்டி போடலாம், ஒரு பெயர் எழுதிய மாஸ்க் போட்டுக்கொண்டு வரலாம், விளையாடவே மாட்டேன் என்று அறையில் உட்கார்ந்துவிடலாம். பத்திரிகைகளில் இதை இனநீதிக்கான போராட்டம் என்று எழுதுவார்கள். இனவெறி, நிறவெறி என்கிற சொற்கள் நமக்குத் தெரிந்தவைதான். அதற்கு எதிர்ப்பக்கம் நின்று "எங்களையும் மனுசனாக நடத்து" என்று கேட்பதுதான் இனநீதி.

இதை ஏன் மைதானத்தில் போய்ச் செய்ய வேண்டும் என்றால், அமெரிக்காவில் ரொம்ப காலத்துக்குக் கறுப்பு மக்களுக்கு வேறு மேடையே கிடையாது. ஓட்டுப் போட முடியாது, போட்டாலும் எண்ண மாட்டார்கள், பஸ்ஸில் பின்சீட், ஓட்டலில் பின்வாசல். ஆனால் ஓடுகிற பாதையில் யார் முதலில் வந்தான் என்பதைக் கடிகாரம் சொல்லிவிடும். 1936இல் ஹிட்லரின் பெர்லினில் நடந்த ஒலிம்பிக்ஸில் ஜெஸ்ஸி ஓவன்ஸ் என்கிற அமெரிக்கக் கறுப்பு ஓட்டக்காரர் நான்கு தங்கம் வாங்கினார். ஊர் திரும்பியதும் நியூயார்க்கில் அவருக்கு ஒரு பெரிய ஓட்டலில் பாராட்டு விழா வைத்தார்கள், அந்த விழாவுக்கே அவர் சரக்கு ஏற்றும் லிஃப்டில்தான் போக வேண்டியிருந்தது. மாலை போடுவார்கள், ஆனால் முன்வாசல் வழியாக விட மாட்டார்கள். இதைச் சொன்னதும் பிள்ளைகளில் ஒருத்தி "எங்க ஊர்லயும் அப்படித்தான்ணே" என்று மெதுவாகச் சொன்னாள். அந்தப் பேச்சுக்குக் கடைசியில் வருகிறேன்.

சரி, இப்போது 1968. இந்த விஷயத்தில் ஒரே ஒரு படத்தை மட்டும்தான் ஒருவர் பார்க்க முடியும் என்றால் இந்தப் படத்தைத்தான் காட்டுவேன். அந்தப் பையனுக்கும் போனில் தேடி எடுத்துக் காட்டினேன், கறுப்பு வெள்ளைப் படம். மெக்ஸிகோ சிட்டி ஒலிம்பிக்ஸ், அக்டோபர் 16, இருநூறு மீட்டர் பரிசு மேடை. நடுவில் தங்கம் வாங்கிய டாமி ஸ்மித், அவருக்குப் பின்னால் வெண்கலம் வாங்கிய ஜான் கார்லோஸ், இரண்டு பேரும் அமெரிக்கக் கறுப்பர்கள், கலிஃபோர்னியாவில் சான் ஹோசே ஸ்டேட் கல்லூரியில் படித்தவர்கள். முன்னால் வெள்ளி வாங்கிய ஒரு வெள்ளைக்காரர். ஸ்மித் 19.83 செகண்டில் ஓடியிருந்தார், உலக சாதனை, அதுவும் அரையிறுதியில் தொடைப் பக்கம் தசை பிடித்துக்கொண்டு வலியோடு இருந்தவர்.

படத்தைப் பெரிதாக்கிப் பார்க்க வேண்டும், ஏனென்றால் ஒவ்வொன்றும் யோசித்துச் செய்தது. இரண்டு பேர் காலிலும் ஷூ இல்லை, கறுப்பு சாக்ஸ் மட்டும். கறுப்பு மக்களின் வறுமைக்கு அடையாளம் அது. ஸ்மித்தின் குடும்பம் பருத்தி எடுத்துப் பிழைத்த குடும்பம், சின்ன வயதில் அவரும் காட்டில் பருத்தி எடுத்திருக்கிறார். கோவில்பட்டிப் பக்கம் கரிசலில் வெயிலேறுவதற்குள் மடியைக் கட்டிக்கொண்டு பருத்திக்குப் போன வீட்டுப் பிள்ளைகளுக்கு அந்த வெறுங்காலைப் பற்றி நான் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. கார்லோஸ் கழுத்தில் பாசிமணி, கூட்டமாகச் சேர்ந்து அடித்தும் மரத்தில் தூக்கிலிட்டும் கொன்றுபோட்ட கறுப்பர்களின் நினைவுக்கு. அவர் மேல்சட்டையின் ஜிப்பைத் திறந்துவிட்டிருந்தார், கூலி வேலை செய்கிற மக்களை நினைத்து. அமெரிக்க தேசிய கீதம் தொடங்கியதும் இரண்டு பேரும் தலையைக் குனிந்து கறுப்புக் கையுறை போட்ட முஷ்டியை மேலே உயர்த்தினார்கள். ஸ்மித் வலது கை, கார்லோஸ் இடது கை. ஏன் ஆளுக்கு ஒரு கை என்றால், கார்லோஸ் தன் கையுறையை எடுத்துவர மறந்துவிட்டார். இருந்த ஒரு ஜோடியை ஆளுக்கு ஒன்றாகப் பிரித்துக்கொண்டார்கள்.

அவ்வளவுதான். ஒரு வார்த்தை பேசவில்லை, யாரையும் திட்டவில்லை, பாட்டு முடிந்ததும் இறங்கி வந்துவிட்டார்கள். கூட்டத்திலிருந்து கூச்சல். அந்த வருஷம் ஏப்ரலில்தான் கறுப்பு மக்களின் உரிமைக்காகப் போராடிய மார்ட்டின் லூதர் கிங்கைச் சுட்டுக் கொன்றிருந்தார்கள். ஆறு மாதம்தான் ஓடியிருந்தது என்றால் பார்த்துக்கொள்ளுங்கள், அந்த வீரர்களின் மனசு எப்படி இருந்திருக்கும்.

அப்போது சர்வதேச ஒலிம்பிக் கமிட்டித் தலைவராக இருந்தவர் ஏவரி பிரண்டேஜ். அமெரிக்க அணிக்கு நெருக்கடி கொடுத்து இரண்டு பேரையும் அணியிலிருந்து சஸ்பெண்ட் செய்ய வைத்து, ஒலிம்பிக் கிராமத்தை விட்டு வெளியேற்றினார். பதக்கத்தைப் பிடுங்கிவிட்டார்கள் என்று நிறைய இடத்தில் எழுதியிருக்கும், அது தவறு, பதக்கம் அவர்களிடமே இருந்தது. ஆனால் ஊருக்குப் போனதும் கொலை மிரட்டல் வந்தது, வேலை கிடைப்பது பாடாகப் போனது. உலகத்திலேயே வேகமாக ஓடுகிற ஆள் வேலைக்கு அலைந்தார்.

இந்த இடத்தில்தான் எனக்கு இந்த விஷயத்தின் உயிர் இருப்பதாகத் தோன்றுகிறது. ஒரு தலைவர் மேடையில் பேசினால் அது அவர் தொழில். ஆனால் ஓட்டக்காரனுக்கு இருப்பது நான்கு வருஷத்துக்கு ஒரு தடவை வருகிற இருபது செகண்ட், அதற்காக அவன் விடிகாலையில் எழுந்து, வாந்தி வருகிற அளவுக்கு ஓடி, வீட்டில் எல்லோரும் தின்பதைத் தின்னாமல் இருந்திருக்கிறான். அதில் ஜெயித்துக் கிடைத்த அந்த ஒரு நிமிஷத்தைத் தனக்கு வைத்துக்கொள்ளாமல் மற்றவர்களுக்காகக் கொடுத்துவிடுகிறான், கூடவே தன் பிழைப்பையும். அதனால்தான் பார்க்கிறவர்களுக்கு உறைக்கிறது. காசு வாங்கிக்கொண்டு விளம்பரத்தில் கையைத் தூக்கினால் அதே கைதான், ஆனால் யாரும் ஐம்பது வருஷம் ஞாபகம் வைத்திருக்க மாட்டார்கள்.

முகமது அலியும் அப்படித்தான். 1967இல் வியட்நாம் போருக்கு ராணுவத்தில் சேரக் கூப்பிட்டபோது, உள்ளூரில் கறுப்பனுக்கு உரிமை இல்லாதபோது அத்தனை தூரம் போய் அந்த மக்களை நான் ஏன் சுட வேண்டும் என்று மறுத்துவிட்டார். உலகச் சாம்பியன் பட்டத்தைப் பறித்தார்கள், ஐந்து வருஷச் சிறைத் தண்டனை விதித்தார்கள் (அப்பீலில் இருந்ததால் உள்ளே போகவில்லை), மூன்று வருஷத்துக்கு மேல் சண்டை போடவே விடவில்லை. குத்துச்சண்டைக்காரனுக்கு இருபத்தைந்திலிருந்து இருபத்தெட்டு வயது என்றால் அதுதான் பொன்னான காலம். 1971இல் சுப்ரீம் கோர்ட் அந்தத் தண்டனையை ரத்து செய்தது, போன வருஷங்களை யாரால் திருப்பிக் கொடுக்க முடியும்? 1980இல் அவர் மெட்ராஸுக்கு வந்து காட்சிப் போட்டி ஆடியபோது போய்ப் பார்த்த பெரியவர்கள் இன்றைக்கும் அதைச் சொல்லிச் சொல்லிப் பூரிப்பார்கள்.

இனி பையன் கேட்ட முட்டிக்கு வருவோம். அது 2016இல் தொடங்கியது. காலின் கேப்பர்னிக் என்கிறவர் அமெரிக்கன் ஃபுட்பாலில் சான் ஃபிரான்சிஸ்கோ அணிக்கு ஆடினார். போலீஸ் கையில் கறுப்பு மக்கள் சாவது தொடர்ந்து நடந்துகொண்டிருந்த நேரம். மேட்சுக்கு முன் தேசிய கீதம் பாடும்போது அவர் எழுந்து நிற்காமல் பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்தார். நாடே கொதித்தது, ராணுவ வீரர்களை அவமதிக்கிறான் என்று. அப்போது நேட் பாயர் என்கிற முன்னாள் ராணுவ வீரர், அவரும் ஃபுட்பால் ஆடியவர், கேப்பர்னிக்குக்கு ஒரு கடிதம் எழுதினார். திட்டித்தான் எழுதியிருப்பார் என்றுதானே நினைப்போம், இல்லை, வருத்தத்தோடும் கேட்கிற மனதோடும் எழுதினார். இரண்டு பேரும் நேரில் சந்தித்தார்கள். உட்காருவதை விட முட்டி போடு, செத்துப்போன தோழனின் கல்லறை முன்னால் ராணுவ வீரர்கள் ஒரு முட்டி போட்டுத்தான் மரியாதை செய்வார்கள் என்று பாயர் யோசனை சொன்னார். செப்டம்பர் 1ஆம் தேதி சான் டியேகோவில் கேப்பர்னிக் முதல் தடவையாக முட்டி போட்டார், பக்கத்தில் எரிக் ரீட் என்கிற சக வீரரும்.

ஆக, நம் வராந்தாவில் தண்டனையாக இருக்கிற அதே முட்டி அங்கே துக்கமும் மரியாதையும் சேர்ந்த ஒன்று. இதைச் சொன்னதும் பையன் "அப்போ சாவுக்கு நிக்கிற மாதிரி" என்றான். அதேதான், நான் இவ்வளவு சுற்றி வளைத்ததை அவன் ஒரே வரியில் சொல்லிவிட்டான்.

இதற்கு இரண்டு மாதம் முன்னாலேயே, அந்த ஜூலையில், மினசோட்டா லிங்ஸ் என்கிற பெண்கள் கூடைப்பந்து அணி போலீஸால் கொல்லப்பட்டவர்களின் பெயர் போட்ட சட்டையோடு பயிற்சிக்கு வந்தது. காவலுக்கு நின்ற போலீஸ்காரர்கள் கோபித்துக்கொண்டு வேலையை விட்டுவிட்டுப் போனார்கள். பெண்கள் செய்தது என்பதால் அது பேசப்படாமலே போய்விடுகிறது, அதனால் வேண்டுமென்றே இங்கே எழுதுகிறேன்.

கேப்பர்னிக்குக்கு அந்த சீஸனுக்குப் பிறகு எந்த அணியும் இடம் கொடுக்கவில்லை, இருபத்தொன்பது வயதில் ஆட்டம் முடிந்தது. அமெரிக்க ஜனாதிபதியே மேடையில் நின்று, முட்டி போடுகிற வீரர்களை வேலையை விட்டுத் தூக்க வேண்டும் என்று கெட்ட வார்த்தை போட்டுப் பேசினார். பிறகு 2020 மே 25, மினியாபோலிஸ் நகரில் ஒரு போலீஸ்காரர் ஜார்ஜ் ஃபிளாய்ட் என்கிறவரின் கழுத்தில் ஒன்பது நிமிஷத்துக்கு மேல் முட்டியை வைத்து அழுத்திக் கொன்றதை உலகமே போனில் பார்த்தது. அதுவும் ஒரு முட்டிதான். நான்கு வருஷமாக ஒரு ஆள் அமைதியாக முட்டி போட்டு எதைச் சொல்லிக்கொண்டிருந்தார் என்பது அப்போதுதான் பலருக்குப் புரிந்தது. முன்னமே கேட்டிருக்க வேண்டும், தவறு செய்துவிட்டோம் என்று கேப்பர்னிக் ஆடிய ஃபுட்பால் லீக்கின் தலைவரே ஒத்துக்கொண்டார். கேப்பர்னிக்கை மட்டும் எந்த அணியும் திரும்ப எடுக்கவில்லை.

அதற்குப் பிறகு இங்கிலாந்து கால்பந்து லீக், சவுதாம்ப்டனில் இங்கிலாந்து–வெஸ்ட் இண்டீஸ் டெஸ்ட் என்று எல்லா இடத்திலும் முட்டி போட்டார்கள். அந்த வழியில்தான் 2021 துபாயும். இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அந்த மேட்சில் நாம் பத்து விக்கெட்டில் தோற்றோம், அன்றைக்கு ராத்திரியே முகமது ஷமியை அவருடைய மதத்தைச் சொல்லி நம் ஆட்களே நெட்டில் அசிங்கமாகத் திட்டினார்கள். கேப்டன் கோலி வெளிப்படையாக ஷமி பக்கம் நின்று பேசினார், அவர் நன்றாக இருக்கட்டும். அந்த ஏச்சு வந்தபோது முட்டி போட்டு எழுந்து சில மணி நேரம்தான் ஆகியிருந்தது.

எல்லோரும் ஒரே மாதிரி செய்வதில்லை. எனக்குப் பிடித்தது நவோமி ஒசாகா செய்தது. ஜப்பான் அம்மா, ஹெய்ட்டி அப்பா, டென்னிஸ் வீராங்கனை. 2020 யு.எஸ். ஓப்பன் போட்டிக்கு ஏழு மாஸ்க் கொண்டுவந்தார், ஒவ்வொன்றிலும் கொல்லப்பட்ட ஒரு கறுப்பரின் பெயர். கொரோனா காலம், எப்படியும் மாஸ்க் போட வேண்டும். ஏழு பெயரையும் காட்ட வேண்டுமென்றால் ஏழு மேட்ச் ஆட வேண்டும், அதாவது பைனல் வரை போக வேண்டும். போனார். பைனலில் போட்டிருந்த பெயர் டாமிர் ரைஸ், பொம்மைத் துப்பாக்கியோடு விளையாடிக்கொண்டிருந்தபோது போலீஸ் சுட்டுக் கொன்ற பன்னிரண்டு வயதுப் பையன். கோப்பையையும் ஒசாகாதான் ஜெயித்தார்.

இன்னொரு வகை, விளையாடாமலே இருப்பது. அதே 2020 ஆகஸ்டில் மில்வாக்கி பக்ஸ் கூடைப்பந்து அணி, தங்கள் ஊருக்குப் பக்கத்தில் கெனோஷாவில் ஜேக்கப் பிளேக் என்கிறவரைப் போலீஸ் முதுகில் சுட்டதும், நாக் அவுட் சுற்று மேட்சுக்கு அறையை விட்டே வெளியே வரவில்லை. கெனோஷா என்றால் அவர்களுக்கு நமக்குக் கோவில்பட்டி மாதிரி, ஒரு மணி நேர தூரம். மற்ற அணிகளும் நிறுத்தின. 1908இல் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளிகள் வ.உ.சி. பின்னால் நின்று வேலைக்குப் போகாமல் இருந்தார்களே, அதே வேலைநிறுத்தம்தான். கடைசியில் தேர்தலுக்கு ஸ்டேடியங்களை ஓட்டுச்சாவடியாகத் திறந்துவிட லீக் ஒத்துக்கொண்டது.

நம் நாடே ஒரு தடவை அப்படி விளையாடாமல் இருந்திருக்கிறது, இது நிறைய பேருக்குத் தெரியாது. 1974 டேவிஸ் கோப்பை டென்னிஸ். மெட்ராஸ் அண்ணன் தம்பி ஆனந்த் அமிர்தராஜும் விஜய் அமிர்தராஜும் ஆடிய இந்திய அணி ஆஸ்திரேலியாவையும் சோவியத் யூனியனையும் தோற்கடித்து பைனலுக்குப் போனது. எதிரில் தென்னாப்பிரிக்கா. கறுப்பர்களையும் நம் இந்திய வம்சாவளி மக்களையும் சட்டம் போட்டே ஒதுக்கி வைத்திருந்த நிறவெறி அரசு அங்கே. இந்தியா ஆட மறுத்தது. ஒரு பந்துகூடப் போடாமல் கோப்பை தென்னாப்பிரிக்காவுக்குப் போனது. இன்று வரை நாம் அந்தக் கோப்பையை ஜெயித்ததே இல்லை. ஆனாலும் அது சரியான முடிவு என்றுதான் நான் நினைக்கிறேன், ஆடியிருந்தால் அந்த அண்ணன் தம்பிக்கு என்ன கிடைத்திருக்கும் என்று நினைத்தால் வயிறு எரிந்தாலும்.

"விளையாட்டுல எதுக்கு அரசியல்?" என்று கேட்பவர்கள் உண்டு. ஸ்டேடியத்துக்கு நடக்க வருகிற அண்ணாச்சி ஒருவர் நான் பிள்ளைகளிடம் பேசிக்கொண்டிருந்ததைக் கேட்டுவிட்டு அதையேதான் கேட்டார். நல்ல மனுசர், கேள்வியிலும் கெட்ட எண்ணம் இல்லை, இரண்டு மணி நேரமாவது எல்லாச் சண்டையையும் மறந்துவிட்டு ஆட்டம் பார்க்க வேண்டும் என்கிற ஆசைதான். ஒலிம்பிக் விதிப் புத்தகத்திலும் ஐம்பதாவது விதி என்று ஒன்று இருக்கிறது, போட்டி இடங்களில் அரசியல், மத, இனப் பிரச்சாரம் கூடாது என்று. 2021இல் அதைக் கொஞ்சம் தளர்த்தி, போட்டி தொடங்கும் முன்னால் செய்யலாம், போட்டி நடக்கும்போதும் பரிசு மேடையிலும் கூடாது என்று வைத்தார்கள். ஆனால் அண்ணாச்சியிடம் நான் சொன்னது இது: மேட்சுக்கு முன்னால் கொடி ஏற்றுகிறோம், தேசிய கீதம் பாடுகிறோம், மந்திரி வந்து கோப்பை கொடுக்கிறார். இது எதையும் நாம் அரசியல் என்று சொல்வதில்லை. பாதிக்கப்பட்டவன் தலையைக் குனிந்தால் மட்டும் அரசியல் ஆகிவிடுகிறது. மறந்துவிட்டு ஆட்டம் பார்க்க நம்மால் முடியும், ஆடுகிறவன் மைதானத்தை விட்டு வெளியே போனதும் அதே தோலோடுதானே வீட்டுக்குப் போக வேண்டும். அண்ணாச்சி "யோசிக்கணும்" என்று சொல்லிவிட்டு அடுத்த ரவுண்டு போனார்.

இப்போது நம் பக்கம். அமெரிக்காவில்தான் இதெல்லாம், நமக்கென்ன என்று இருக்க முடியாது. 2017இல் அபினவ் முகுந்த், தமிழ்நாட்டிலிருந்து இந்தியாவுக்கு டெஸ்ட் ஆடியவர், சின்ன வயதிலிருந்தே தன் நிறத்தைச் சொல்லி எவ்வளவு கேலி பேசினார்கள் என்று வெளிப்படையாக எழுதினார். 2021இல் எல். சிவராமகிருஷ்ணன், வாழ்க்கை முழுக்கத் தன் நாட்டிலேயே நிறத்துக்காக ஒதுக்கப்பட்டதாகச் சொன்னார். பதினேழு வயதில் டெஸ்ட் ஆடிய ஆள் அவர். வெஸ்ட் இண்டீஸ் கேப்டனாக இருந்த டேரன் சாமி, ஐ.பி.எல்.லில் ஹைதராபாத் அணிக்கு ஆடியபோது அவரை ஒரு ஹிந்திச் சொல்லால் கூப்பிட்டிருக்கிறார்கள். பலமான குதிரை என்று ஏதோ அர்த்தம் என நினைத்து அவரும் சிரித்துக்கொண்டே இருந்திருக்கிறார். 2020இல்தான் அது "கருப்பா" என்று அர்த்தம் எனத் தெரிந்தது. பிறகு கூட ஆடிய ஒருவர் போனில் பேசி, பாசத்தில்தான் அப்படிக் கூப்பிட்டோம் என்றாராம். சாமி பெருந்தன்மையாக அதை ஏற்றுக்கொண்டார். இதைப் படிக்கிற நாம் எல்லோரும் "ஏல கருப்பா" என்று பாசமாகக் கூப்பிட்ட ஒரு கூட்டாளியை நினைத்துப் பார்க்க வேண்டும், அவன் சிரித்தான் என்பதையும், ஏன் சிரித்தான் என்பதையும்.

நிறம் மட்டும் என்றால்கூடப் பரவாயில்லை. இனமும் சாதியும் ஒன்றல்ல, அங்கே தோலைப் பார்த்தால் தெரிந்துவிடும், இங்கே தெருவைக் கேட்டால்தான் தெரியும். ஆனால் பிறப்பை வைத்து ஆளை அளப்பது இரண்டிலும் உண்டு. பல்வங்கர் பாலு என்கிற பந்துவீச்சாளர், தலித், 1911இல் இங்கிலாந்துக்குப் போன இந்திய அணியில் நூறு விக்கெட்டுக்கு மேல் எடுத்தார். அவர் வீசிய பந்தைத் தொட்டார்கள், குடித்த குவளையைத் தொடவில்லை. கடைசி வரை அவரைக் கேப்டன் ஆக்கவில்லை. அவருடைய தம்பி விட்டல்தான் 1923இல் இந்துக்கள் அணிக்குக் (அப்போது மதவாரியாக அணி பிரித்து ஆடினார்கள்) கேப்டன் ஆனார். நூறு வருஷம் கழித்து டோக்கியோ ஒலிம்பிக்ஸில் நம் பெண்கள் ஹாக்கி அணி அரையிறுதியில் தோற்றபோது, வந்தனா கட்டாரியா வீட்டு வாசலில் பட்டாசு வெடித்துச் சாதியைச் சொல்லி ஏசினார்கள். அதற்கு முந்தைய லீக் மேட்ச் ஒன்றில் மூன்று கோல் அடித்த பெண் அவர்.

நம் திருநெல்வேலிச் சீமையில் பிள்ளைகள் மணிக்கட்டில் கட்டுகிற கலர் கயிறு என்ன சாதி என்று சொல்கிறது, அது எல்லோருக்கும் தெரியும். 2023இல் நாங்குநேரியில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் கையில் அரிவாளோடு கூடப் படிக்கிறவன் வீட்டுக்குள் போனார்கள். அதற்குப் பிறகு அமைத்த நீதிபதி சந்துரு குழு, கயிறும் மோதிரமும் பொட்டும் பள்ளியில் கூடாது என்று அறிக்கையில் எழுதியது. கபடியிலும் இது இருக்கிறது, பனியன் கலரைப் பார்த்தே எந்த ஆட்கள் என்று சொல்லிவிடலாம்.

சில வருஷம் முன்னால் ஒரு ஊரில் கோயில் கொடைக்கு வைத்த கபடிப் போட்டிக்கு எங்கள் பயல்களைக் கூட்டிப் போயிருந்தேன். ஏழு பேரில் மூன்று நான்கு தெருக்காரர்கள் கலந்திருந்தார்கள். பதிவு செய்கிற மேஜையில் ஊர்ப் பெயரை எழுதியவர் பேனாவை நிறுத்திவிட்டு, "எந்தத் தெருப் பயலுவ?" என்றார். எங்கள் கேப்டன் பையன், பன்னிரண்டாம் வகுப்பு, பேசவே மாட்டான், "எல்லாத் தெருவும்தான்" என்றான். எழுதியவர் முகம் மாறிப்போனது. யாரோ ஒரு பெரிய மனுசர் செலவில் எங்களுக்குப் பனியன் தைத்துக் கொடுத்திருந்தார்கள், குறிப்பிட்ட ஒரு கலரில். அவன் அதை மடித்துப் பையில் வைத்துவிட்டு, பள்ளிக்கூட டிரில் கிளாஸ் வெள்ளைப் பனியனைப் போட்டுக்கொண்டான். மணிக்கட்டுக் கயிற்றைப் பல்லால் கடித்து அறுத்தான். மற்ற ஆறு பேரும் ஒவ்வொருவராக அதையே செய்தார்கள், முதுகில் மார்க்கரால் நம்பர் எழுதினது நான். டியூப் லைட் வெளிச்சத்தில் ஏழு வெள்ளைப் பனியன். முதல் சுற்றிலேயே தோற்றுப்போனோம். மைக்கில் ஒன்றும் சொல்லவில்லை, பேப்பரில் ஒன்றும் வரவில்லை. பனியன் கொடுத்தவர் அடுத்த வருஷம் கொடுக்கவில்லை. மெக்ஸிகோவையோ சான் டியேகோவையோ அந்தப் பையன் அதற்கு முன்னால் கேள்விப்பட்டதே கிடையாது.

மூன்றாவது நாள் காலையில் என் இருநூறு மீட்டர்க்காரன் திரும்பவும் 1968 படத்தைக் காட்டினான். "இந்த வெள்ளைக்காரரு யாருண்ணே? இவரு சும்மாதான நிக்காரு?"

அவர் பெயர் பீட்டர் நார்மன், ஆஸ்திரேலியா. நம் ஊரில் இரட்சணிய சேனை என்று சொல்வோமே, அந்தச் சபைக் குடும்பத்தில் பிறந்து வளர்ந்தவர். மேடை ஏறுவதற்கு முன்னால் ஸ்மித்தும் கார்லோஸும் தாங்கள் செய்யப்போவதை அவரிடம் சொன்னார்கள், அவர் கூட நிற்பதாகச் சொன்னார். கையுறையைப் பிரித்துப் போட்டுக்கொள்ள யோசனை சொன்னதும் அவர்தான். படத்தைப் பெரிதாக்கினால் மூன்று பேர் நெஞ்சிலும் ஒரே மாதிரி வட்டமான பேட்ஜ் தெரியும், மனித உரிமைக்கான ஒலிம்பிக் திட்டம் என்கிற அவர்கள் இயக்கத்தின் பேட்ஜ். நார்மன் தனக்கு ஒன்று வேண்டும் என்று, பக்கத்தில் நின்ற அமெரிக்கப் படகோட்டி ஒருவரிடம் வாங்கிக் குத்திக்கொண்டார். அவர் செய்தது அவ்வளவுதான், ஊரில் அதற்கே ஏச்சு வாங்கினார். அடுத்த ஒலிம்பிக்ஸுக்கு அவரை எடுக்கவில்லை. அந்தக் கோபத்தில்தான் என்று அவர் பக்கத்தவர்கள் சொல்கிறார்கள், ஆஸ்திரேலிய ஒலிம்பிக் கமிட்டி இல்லை என்கிறது. 2006இல் அவர் செத்தபோது ஸ்மித்தும் கார்லோஸும் அமெரிக்காவிலிருந்து போய்ப் பெட்டியைத் தோளில் சுமந்தார்கள். 2012இல் ஆஸ்திரேலிய நாடாளுமன்றம் அவரிடம் மன்னிப்புக் கேட்டது. சான் ஹோசே கல்லூரியில் அந்த மேடையைச் சிலையாக வைத்திருக்கிறார்கள், இரண்டு சிலைதான், இரண்டாவது இடம் காலி. நார்மனே அப்படிக் கேட்டுக்கொண்டார், வருகிறவர்கள் யார் வேண்டுமானாலும் ஏறி அவர்கள் கூட நிற்கட்டும் என்று.

பையன் இதையெல்லாம் கேட்டுவிட்டு, ஓட்டக்காரன் அல்லவா, "அவரு எத்தன செகண்டுண்ணே ஓடுனாரு?" என்றான்.

20.06. ஆஸ்திரேலியாவில் அதை ஐம்பத்தாறு வருஷம் யாராலும் முந்த முடியவில்லை. 2024 டிசம்பரில் பள்ளிகளுக்கான போட்டியில் ஒருவன் 20.04இல் ஓடினான். பெயர் கௌட் கௌட், தெற்கு சூடானிலிருந்து குடியேறிய பெற்றோருக்குப் பிறந்த கறுப்புப் பையன்.

"என்ன வயசு?"

"அப்போ பதினாறு."

ஒரு நிமிஷம் அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு போனை என் கையில் கொடுத்தான். "ஸ்டாப்வாட்ச எடுங்கண்ணே" என்று சொல்லிவிட்டு இருநூறு மீட்டர் கோட்டுக்கு நடந்தான்.